முதல் மிதி

கொழும்புத்துறை
4.6.1989

தம்பி கனிசியஸுக்கு,

சுகம் விசாரித்துத் தொடங்க எனக்கு மனம் வரவில்லை. உம்முடைய அண்ணர் போய் ஒன்றேகால் வருடம் தாண்டிவிட்டது. செத்தவீட்டுக்கு நீர் வரவில்லை. முப்பத்தோராம் நாள் பூசைக்கும் வரவில்லை. ஆண்டுப் பூசையன்று மாமி கோயிலுக்குள் போகாமல் வாசலிலேயே நின்றார். நீர் வருவீராம். கேட்டவர்களுக்கெல்லாம் "பாதை சரியில்லை, அதுதான் வரேல்லை" என்று உமக்காக நான் பொய் சொன்னேன். பக்கத்து ஒழுங்கைச் சனம் மாதாமாதம் கொழும்புக்குப் போய் வருவது அவர்களுக்குத் தெரியாதா?

அது இருக்கட்டும். நான் எழுதுவது கார் விஷயமாக. அண்ணரின் டட்சனை யாகப்பு வாடகைக்கு ஓட்டிக்கொண்டிருந்தான். பங்குனியில் அவன் பிரான்சுக்குப் போய்விட்டான். போகமுன்னர் எனக்கு ஓட்டப் பழக்கிவிட்டுத்தான் போனான். லைசென்சும் எடுத்துவிட்டேன். சிரிக்க வேண்டாம். இங்கேயும் பாசையூரிலும் பிள்ளைப்பேற்றுக்கு ஆஸ்பத்திரி போகிற பெண்கள் இப்போது என்னைத்தான் கூப்பிடுகிறார்கள். ஆம்பிளை ஓட்டினால் ஒவ்வொரு ஆமிச் சென்றியிலும் இறக்கிச் சோதித்து ஏற்றுகிறார்கள். நான் என்றால் குனிந்து பார்த்துவிட்டு விட்டுவிடுகிறார்கள். எனக்கும் மாமிக்கும் அடுப்பு எரிவது இந்தக் காரால்தான்.

இரண்டு கிழமையாக பிரேக் பிடிக்கும்போது முன்சில்லுகளில் இரும்போடு இரும்பு உரசுகிற சத்தம் கேட்கிறது. யாழ்ப்பாண ரவுணில் தெரிந்த கராஜ் இரண்டும் பூட்டிக் கிடக்கின்றன. திறந்திருந்த ஒன்றில், "அக்கா, காரை வித்துப்போட்டு வீட்டிலை இருங்கோவன்" என்றான் அங்கே நின்றவன். அவனிடம் விட எனக்கு விருப்பமில்லை. நீர் அன்று போட்ட பிரேக் பாட்தான் இன்னும் கிடக்கிறது. புதிது வாங்கி அனுப்பும். எப்படி மாற்றுவது என்றும் எழுதும். நானே மாற்றுகிறேன்.

மாமி உம்மைக் கேட்கிறார். இனி அவருக்கு இருக்கிற பிள்ளை நீர் ஒருவர்தான்.

பெர்னடெட்


கொட்டாஞ்சேனை, கொழும்பு
15.6.1989

மதிப்புக்குரிய மச்சாளுக்கு,

கடிதம் கிடைத்தது. முன்சில்லு இரண்டுக்கும் நாலு பாட் பதிவுப் பார்சலில் போட்டிருக்கிறேன். பிரேக் ஒயில் ஒரு சிறிய டின்னும் உள்ளே இருக்கிறது. டின்னின் மூடியைத் திறந்து வைக்க வேண்டாம், காற்றில் ஈரம் இழுத்துவிடும்.

நீங்களே மாற்றுவதாக எழுதியிருக்கிறீர்கள். வேண்டாம் மச்சாள். அது பெரிய கஷ்டமான வேலை இல்லை, ஆனால் உங்களுக்கு வேண்டாம். மானிப்பாய்ப் பக்கம் நல்ல கராஜ் இருப்பதாக இங்கே ஒருவர் சொன்னார். அங்கே கொடுத்துச் செய்வியுங்கள். அதுவரைக்கும் காரை எடுக்காதீர்கள். பாட் முழுக்கத் தேய்ந்து இரும்பு டிஸ்கை அராவுகிறது, அதுதான் சத்தம்.

எழுதித் தரும்படி கேட்டீர்கள். நான் இப்போது பிரேக் வேலை செய்வதில்லை. கராஜில் எஞ்சின் பக்கம் மட்டும்தான். முதலாளிக்கும் அது தெரியும். அதனால் சரியாக எழுத வராது.

அம்மாவுக்கு இருமல் மருந்தும் ஒரு கம்பளிப் பெனியனும் பார்சலில் வைத்திருக்கிறேன். லீவு கிடைத்ததும் வருவேன் என்று சொல்லுங்கள்.

கனிசியஸ்


கொழும்புத்துறை
23.6.1989

தம்பி,

பார்சல் வந்தது. மாமியிடம் உம்முடைய சொல்லைச் சொன்னேன். "ஒண்டரை வரியமா லீவு குடாத முதலாளி ஆர் பிள்ளை? அவனுக்கும் தாய் இல்லையே?" என்று கேட்டார். பெனியனைப் பெட்டிக்குள் வைத்துப் பூட்டிவிட்டார். நீர் வந்தபிறகுதான் போடுவாராம்.

மானிப்பாய்க் கராஜுக்கு இந்தப் பிரேக்கோடு எட்டு மைலும் ஏழு சென்றியும் தாண்டி நான் எப்படிப் போவது? யோசித்துத்தான் எழுதினீரா? இங்கே ஒழுங்கைக்கு ஒருத்தி மாசமாக இருக்கிறாள். நேற்று ஒரு பிள்ளைத்தாச்சியை வலியோடு சைக்கிள் பாரில் வைத்து உருட்டிக்கொண்டு போனார்கள். நான் வாசல் படலையில் நின்று பார்த்தேன். கார் முற்றத்தில் நின்றது.

பிரேக் வேலை செய்வதில்லை என்கிறீர். பதினாறு வயதிலிருந்து அதைத்தானே செய்தீர்? மறக்கிற வேலையா அது? எழுத விருப்பமில்லை என்றால் விருப்பமில்லை என்று எழுதும். எனக்குச் சாட்டுச் சொல்ல வேண்டாம்.

நீர் எழுதாவிட்டாலும் வருகிற மாதம் நான் கழற்றத்தான் போகிறேன். தெரியாமல் கழற்றி நான் எங்கேயாவது போய் மோதினால், அப்போதாவது செத்தவீட்டுக்கு வாரும்.

பெர்னடெட்


கொட்டாஞ்சேனை
5.7.1989

மச்சாளுக்கு,

கடைசி வரியை நீங்கள் எழுதியிருக்கக் கூடாது. ஆனாலும் அதுதான் என்னை எழுத வைத்தது. எல்லாவற்றையும் எழுதுகிறேன். அவசரப்படாமல் பகல் வெளிச்சத்தில் செய்யுங்கள்.

காரை மட்டமான இடத்தில் நிறுத்தி, பின்சில்லுகளுக்கு முன்னும் பின்னும் கல் வையுங்கள். ஜக் அடித்துக் காரைத் தூக்கமுன்னரே சில்லு நட்டுகளை அரைச் சுற்று இளக்கிவிடுங்கள். தூக்கிய பிறகு இளக்கப் போனால் சில்லும் சேர்ந்து சுற்றும். ஜக்கை மட்டும் நம்பிக் கீழே கை வைக்க வேண்டாம். சீமெந்துக் கல்லை அடுக்கி அதன்மேல் காரை இருத்துங்கள். ஒரு பக்கத்தை முழுக்க முடித்துவிட்டுத்தான் மற்றப் பக்கத்தைக் கழற்ற வேண்டும். எது எங்கே இருந்தது என்று சந்தேகம் வந்தால் மற்றப் பக்கத்தைப் பார்த்துக்கொள்ளலாம்.

சில்லைக் கழற்றினால் பளபளவென்று ஒரு இரும்புத் தட்டுத் தெரியும். அதுதான் டிஸ்க். அதை மேலிருந்து கவ்விக்கொண்டு ஒரு இரும்புக் கூடு இருக்கும், அது கலிப்பர். கலிப்பருக்குள் டிஸ்கின் இரண்டு பக்கமும் ஒவ்வொரு பாட். இரண்டு நீள ஊசிகள் அவற்றைப் பிடித்திருக்கும். ஊசி விழாமல் ஒரு கம்பிக் கொளுக்கி இருக்கும். கொளுக்கியைக் குறட்டால் இழுத்து, ஊசிகளைத் தட்டி எடுத்தால் பழைய பாட் கையோடு வரும். கொளுக்கி தெறித்து மண்ணுக்குள் போய்விடும், கீழே ஒரு சாக்கு விரித்துக்கொள்ளுங்கள்.

மண்ணெண்ணெயில் கழுவ வேண்டாம். அண்ணை எதையும் மண்ணெண்ணெயில்தான் கழுவுவார், தெரியும்தானே. இதற்கு ஆகாது. எண்ணெய்ப்பசை டிஸ்கில் பட்டால் பாட் வழுக்கும். காய்ந்த துணியால் துடைத்தால் போதும்.

இனித்தான் முக்கியமான இடம். பாட்டை டிஸ்கோடு சேர்த்துத் தள்ளுவது கலிப்பருக்குள் இருக்கும் பிஸ்ரன். பழைய பாட் தேயத் தேயப் பிஸ்ரன் வெளியே வந்திருக்கும். புதிய பாட் தடிப்பானது, அதனால் பிஸ்ரனை உள்ளே தள்ளினால்தான் அது இறங்கும். வள்ளத் தச்சர்மார் பலகையை இறுக்கிப் பிடிக்கிற முறுக்குக் கவ்வி ஒன்று இரவல் வாங்கி, மெல்ல மெல்ல முறுக்கித் தள்ளுங்கள். எஞ்சின் பக்கம் இருக்கும் பிரேக் ஒயில் டப்பா நிரம்பி வழியும், முதலே கொஞ்சம் உறிஞ்சி எடுத்துவிடுங்கள். இந்த நேரத்தில் ஒருவரும் பிரேக் பெடலில் கால் வைக்கக் கூடாது. புதிய பாட்டை இறக்கி, ஊசியும் கொளுக்கியும் போட்டு, சில்லைப் பூட்டுங்கள். நட்டுகளை ஒன்றுக்கு எதிர் ஒன்றாக இறுக்குங்கள்.

வேலை முடிந்தது என்று நினைப்பீர்கள். முடியவில்லை. பிஸ்ரன் உள்ளே போய் இருக்கிறது. பாட்டுக்கும் அதற்கும் இடையில் வெளி இருக்கிறது. முதல்தரம் பெடலை மிதித்தால் ஒன்றும் பிடிக்காது, நேரே காரின் அடித்தட்டில் போய் முட்டும். இரண்டாம், மூன்றாம் மிதியில் கொஞ்சம் கொஞ்சமாகப் பிஸ்ரன் வெளியே வந்து பாட்டைத் தொடும். அதனால் காரை நகர்த்தமுன்னர், நிற்கிற இடத்திலேயே பத்துத்தரம் மிதிக்க வேண்டும். பெடல் உயர்ந்து இறுக்கமாக நின்றால்தான் கார் படலை தாண்டலாம்.

மச்சாள், அன்று நான் மிதிக்கவில்லை.

அன்று ஞாயிற்றுக்கிழமை, எனக்கு இரண்டு மணிக்கு பஸ். அண்ணை கோயில் கூட்டத்துக்குப் போயிருந்தார். கடைசிச் சில்லைப் பூட்டும்போது ஒன்றே முக்கால். கையைத் துடைத்துக்கொண்டு பையைத் தூக்கிக்கொண்டு ஓடினேன். ஒருவருக்கும் சொல்லவில்லை. பஸ்ஸில் ஏறி நித்திரையாகிவிட்டேன்.

செவ்வாய்க்கிழமை தந்தி வந்ததும் நான் புறப்பட்டேன். புறப்படவில்லை என்றுதானே நினைத்தீர்கள்? வவுனியா வரைக்கும் வந்தேன். அங்கே தேத்தண்ணிக் கடையில் எங்கள் பக்கத்து ஆள் ஒருவர் சொல்லிக்கொண்டிருந்தார். "நிண்ட காருக்குத்தான் சுட்டவங்கள். சென்றிப் பீப்பாவைத் தாண்டிப் பத்து யார் தூரம் போய் நிண்டது, உது ஒரு குற்றமே?" என்றார். எல்லோரும் சுட்டவர்களைத் திட்டினார்கள். எனக்கு மட்டும் அந்தப் பத்து யார் என்னவென்று தெரிந்தது. முதல் மிதி போனது, இரண்டாவது போனது, மூன்றாவதில் பிடித்தது. அண்ணை நிற்பாட்டத்தான் பார்த்திருக்கிறார். நான் அடுத்த பஸ்ஸில் கொழும்புக்குத் திரும்பிவிட்டேன்.

அம்மாவின் முகத்தில் எப்படி முழிக்கிறது? உங்களிடம் என்ன சொல்கிறது? இதை வாசித்துவிட்டு என்னோடு கதைக்க விருப்பமில்லை என்றால் எழுத வேண்டாம். ஆனால் பத்துத்தரம் மிதியுங்கள்.

கனிசியஸ்


கொட்டாஞ்சேனை
30.7.1989

மச்சாளுக்கு,

இருபத்தைந்து நாளாகிவிட்டது. தபால் வேலைநிறுத்தம் என்று மனதைத் தேற்றிக்கொண்டேன். ஆனால் பக்கத்து அறைக்காரருக்கு அச்சுவேலியிலிருந்து இரண்டு கடிதம் வந்துவிட்டது.

ஏசி எழுதுங்கள், பரவாயில்லை. பாட் மாற்றினீர்களா, பெடல் இறுகியதா என்று மட்டும் ஒரு வரி போடுங்கள். அது தெரியாமல் எனக்குச் சோறு இறங்கவில்லை.

கனிசியஸ்


கொழும்புத்துறை
6.8.1989

தம்பி கனிசியஸுக்கு,

பாட் மாற்றியாயிற்று. பெடல் இறுக்கமாக நிற்கிறது. முதலில் அதை எழுதிவிட்டேன், இனிச் சோறு சாப்பிடும்.

வள்ளம் கட்டுகிற நீக்கிலாப்பிள்ளையரிடம் கவ்வி இரவல் கேட்டேன். "பிள்ளை காருக்குப் பலகை அடிக்கப் போறாவோ?" என்று சிரித்தார். நான் ஏன் என்று சொன்னதும் சிரிப்பை விட்டுவிட்டு, கவ்விக்கு எண்ணெய் போட்டுத் தந்தார். இடது சில்லுக்கு ஒரு காலை முழுக்கப் போனது. கொளுக்கி ஒன்று தெறித்தது. சாக்கு விரித்திருந்தபடியால் எடுத்துவிட்டேன். பழைய பாட்டில் ஒரு நகக்கனம்கூட மிச்சமில்லை. வலது பக்கம் ஒரு மணித்தியாலத்தில் முடிந்தது. நீர் எழுதியதில் ஒரு பிழையும் இல்லை.

பிறகு காரில் ஏறி இருந்தேன், அவர் இருந்த சீற்றில். காலை வைத்து மிதித்தேன். பெடல் ஒன்றுமில்லாமல் கீழே போனது. படியென்று நினைத்து வெறும் வெளியில் கால் வைத்த மாதிரி இருந்தது. நீர் எழுதியிருந்ததை வாசித்துத்தான் இருந்தேன், தெரிந்துதான் மிதித்தேன். அவருக்குத் தெரியாமல் அல்லவா போனது? எதிரே துவக்கோடு நிற்பவர்களைப் பார்த்துக்கொண்டு அவர் இப்படித்தானே மிதித்திருப்பார்? ஸ்ரேரிங்கைப் பிடித்துக்கொண்டு அழுதேன். மாமி கோழிக்குத் தீன் போட்டுக்கொண்டிருந்தார், அவருக்குக் கேட்கவில்லை. அழுது முடித்துவிட்டு மிச்ச ஒன்பது தரத்தையும் மிதித்தேன்.

இப்போது நான் எழுத வேண்டியது இருக்கிறது. இந்த ஒரு மாதம் எழுதாமல் இருந்தது உம்மில் கோபத்தால் இல்லை. எழுதினால் இதையும் எழுத வேண்டி வரும் என்ற பயத்தால்தான்.

ஒருவருக்கும் சொல்லவில்லை என்று எழுதியிருக்கிறீர். சொன்னீர். எனக்குச் சொன்னீர். பையைத் தோளில் போட்டுக்கொண்டு படலையால் வெளியே போனபிறகு திரும்பி வந்து, "மச்சாள், அண்ணை காரை எடுக்க முன்னம் பிரேக்கைப் பத்துத்தரம் மிதிக்கச் சொல்லுங்கோ, மறந்திடாதையுங்கோ" என்றீர். நான் மீன் வெட்டிக்கொண்டிருந்தேன். "ஓம் ஓம், நீர் பஸ்ஸைப் பிடியும்" என்றேன். உமக்கு அந்த ஓட்டத்தில் அது மனதில் நிற்கவில்லை. எனக்கு ஒரு சொல்லும் மறக்கவில்லை.

அவர் கூட்டத்தால் வந்து பங்கு நிர்வாகத்தைத் திட்டிக்கொண்டிருந்தார். நானும் சேர்ந்து திட்டினேன். பிரேக் ஞாபகம் வரவே இல்லை. மறுநாள் விடிய ஆறரைக்கு கத்தரீனாவின் புருசன் ஓடி வந்து, அவளுக்கு வலி கண்டுவிட்டது என்று சொல்லிவிட்டுத் திரும்பவும் ஓடினான். அவர் சேட்டுப் பொத்தானைக்கூடச் சரியாகப் பூட்டவில்லை, காரில் ஏறிவிட்டார். கார் படலையைப் பார்த்தபடி நின்றது, உமக்கு நினைவிருக்கும். நான்தான் படலையைத் திறந்து பிடித்தேன். கார் என்னைத் தாண்டிப் போனது. பின்சில்லு படலையைக் கடக்கும்போது ஞாபகம் வந்தது.

வாயைத் திறந்தேன், தம்பி. கையும் தூக்கினேன். ஆனால் கூப்பிடவில்லை. போறவரைப் பின்னாலை நிண்டு கூப்பிடக் கூடாது என்று சின்னவயதிலிருந்து படித்தது என்னைத் தடுத்துவிட்டது. அதுவும் பிள்ளைப்பேற்றுக்குப் போகிறவர். நான் கூப்பிட்டு, அங்கே கத்தரீனாவுக்கோ பிள்ளைக்கோ ஏதும் நடந்தால் என்று நினைத்தேன். திரும்பி வந்தாப்போலை சொல்லுவம் என்றும் நினைத்தேன். கார் ஒழுங்கையால் நேரே போனது. நூறு யார் தூரம் இருக்குமா அந்தச் சென்றிக்கு? நான் படலையைச் சாத்தவும் இல்லை, வெடி கேட்டது.

கத்தரீனாவுக்கு அன்று வீட்டிலேயே பிள்ளை பிறந்தது. இரண்டு பேரும் சுகமாக இருக்கிறார்கள்.

நீர் வராமல் இருந்தது எனக்கு வசதியாக இருந்தது. வந்தால், "மச்சாள், சொன்னனான் எல்லோ?" என்று மாமிக்கு முன்னால் கேட்டுவிடுவீர் என்று பயந்தேன். வராததற்கு ஏசிக்கொண்டே வராதது நல்லது என்று இருந்தேன். உமக்கு நினைவில்லை என்று உம்முடைய கடிதத்தில் கண்டபோது எனக்கு முதலில் வந்தது ஆறுதல்தான். ஒரு மாதம் அந்த ஆறுதலோடு இருந்து பார்த்தேன், முடியவில்லை.

அவர் போனது உம்மால் இல்லை. நீர் வாரும்.

பெர்னடெட்


கொட்டாஞ்சேனை
17.8.1989

மச்சாளுக்கு,

நாலு நாளாக இந்தக் கடிதத்தை எழுதிக் கிழிக்கிறேன்.

சொன்னதாக எனக்கு இன்னும் நினைவு வரவில்லை. நீங்கள் எழுதிய பிறகு வந்த மாதிரி இருக்கிறது, ஆனால் அது நீங்கள் எழுதியதால் வந்ததா என்று தெரியவில்லை. நீங்கள் பொய் எழுத மாட்டீர்கள் என்று மட்டும் தெரியும்.

முதல் நாள் எனக்குச் சந்தோசமாக இருந்தது. வெட்கமில்லாமல் எழுதுகிறேன். கராஜில் ஒரு வாகனத்தின் பிரேக்கைக் கழற்றிப் பூட்டினேன், முதலாளி வந்து பார்த்துவிட்டுப் போனார். இரண்டாம் நாள் கோபம் வந்தது. ஒன்றரை வருடம், மச்சாள்! அண்ணையைக் கொன்றவன் என்று என்னை நானே சொல்லிக்கொண்டு ஒன்றரை வருடம் இருந்தேன். அண்ணையின் முகத்தைக் கடைசியாகப் பார்க்கவில்லை. அவருக்கு ஒரு பிடி மண் போடவில்லை. அங்கே உங்களுக்கு எல்லாம் தெரிந்திருந்தது. ஒரு வரி எழுதியிருந்தால் நான் வந்திருப்பேனே. இதை என்னால் இப்போதைக்கு மறக்க முடியாது. மறந்துவிட்டேன் என்று பொய் எழுதவும் மாட்டேன்.

ஆனால் அவர் போனது என்னால் இல்லை என்று எழுதியிருக்கிறீர்கள், அதையும் நான் ஏற்க மாட்டேன். பத்துத்தரம் மிதிக்க அரை நிமிடம் போதும். திரும்பி வந்து உங்களிடம் சொன்ன நேரத்தில் நானே ஏறி மிதித்துவிட்டுப் போயிருக்கலாம். பிஸ்ரனைத் தள்ளினவன்தான் பெடலை மிதிக்க வேண்டும். அதை மீன் வெட்டுகிறவரிடம் சொல்லிவிட்டுப் போகிறவன் வேலை தெரிந்தவன் இல்லை.

வாரும் என்று எழுதியிருக்கிறீர்கள். அம்மாவுக்குத் தெரியாமல் நான் அந்த வீட்டுக்குள் வரமாட்டேன். தெரியாமல் வந்து அவர் கையால் சாப்பிட என்னால் முடியாது. பிரேக் பற்றி நான் எழுதிய கடிதத்தை அவருக்கு வாசித்துக் காட்டுங்கள். உங்களுடையதையும் சொல்லுங்கள். உங்களுக்குப் போக வேறு இடமில்லை என்று எனக்குத் தெரியும். அது உங்களுக்கு எவ்வளவு பெரிய வேலை என்றும் தெரியும். என்றாலும் சொல்லுங்கள். அம்மா வரச் சொன்னால் வருகிறேன்.

கனிசியஸ்


கொழும்புத்துறை
28.8.1989

தம்பி கனிசியஸுக்கு,

புதன்கிழமை மாமியிடம் சொன்னேன். அவர் முருங்கையிலை உருவிக்கொண்டிருந்தார். பக்கத்தில் இருந்து உம்முடைய கடிதத்தை முழுக்க வாசித்தேன். கவ்வி, கொளுக்கி, பிஸ்ரன் எல்லாவற்றையும் வாசித்தேன், எதையும் விடவில்லை. பிறகு என்னுடையதைச் சொன்னேன். என்னை வீட்டை விட்டுப் போகச் சொன்னால் போவது என்று முதல் நாளே என்னுடைய உடுப்பை ஒரு பையில் வைத்திருந்தேன்.

அவர் இலை உருவுவதை நிறுத்தவில்லை. கையிலிருந்த காம்பை உருவி முடித்துவிட்டு, "சுட்டவன்ரை பேர் ஒருத்தருக்கும் தெரியாது. நீங்கள் ரெண்டுபேரும் உங்கடை பேரைச் சொல்லிக்கொண்டு நிக்கிறியள்" என்றார். எனக்குக் கொஞ்சம் மூச்சு வந்தது. ஆனால் எழும்பிப் போகும்போது திரும்பி, "கூப்பிட்டிருக்கலாம் பிள்ளை" என்றார். அவ்வளவுதான். அதன்பிறகு மூன்று நாள் என்னோடு ஒரு வார்த்தை கதைக்கவில்லை. தனக்குத் தானே தனியாகச் சமைத்தார். நான் வைத்த தேத்தண்ணி ஆறிப் போய்க் கிடந்தது. பையை எடுப்பதா விடுவதா என்று தெரியாமல் இருந்தேன். கொஞ்சிச் சமாதானம் செய்கிற ஆள் அவர் இல்லை, நானும் இல்லை.

நேற்று ஞாயிறு. உம்முடைய அண்ணர் இறந்த நாளிலிருந்து மாமி இந்தக் காரில் கால் வைத்ததில்லை, அது உமக்குத் தெரியாது. மழையென்றாலும் வெயிலென்றாலும் கோயிலுக்கு நடந்துதான் போவார். நேற்று நான் பூசைக்குக் காரை எடுக்க வந்தபோது, வெள்ளைச் சீலை உடுத்துச் செபமாலையோடு காருக்குப் பக்கத்தில் நின்றார். நான் ஏறியதும் முன்கதவைத் திறந்து எனக்குப் பக்கத்துச் சீற்றில் இருந்தார். கார்த் திறப்பைச் செருகினேன்.

"பிரேக்கை மிதிச்சுப் பாத்தனியே?" என்று கேட்டார். மூன்று நாளுக்குப் பிறகு கேட்ட முதல் சொல் அது.

"ஓம் மாமி. ஒவ்வொருநாளும் மிதிச்சுத்தான் எடுக்கிறனான்."

"எனக்கு முன்னாலை மிதி."

மிதித்தேன். அவர் குனிந்து என் காலையே பார்த்துக்கொண்டிருந்தார். "ஒண்டு" என்றார். பிறகு "ரெண்டு" என்றார். மூன்றில் அவருக்குக் குரல் நின்றுவிட்டது. மூன்றாவது மிதியில்தான் பிடித்தது என்று நீர் எழுதியிருந்ததை நான் அவருக்கு வாசித்திருக்கிறேன். நானும் காலை எடுக்காமல் இருந்தேன். முந்தானையால் முகத்தைத் துடைத்துவிட்டு, என் தொடையில் கையை வைத்து, "மிதி பிள்ளை" என்றார். பத்து வரைக்கும் அவரே எண்ணினார்.

பிறகு இறங்கிப் போய்ப் படலையை அவரே திறந்து பிடித்தார். நான் காரை வெளியே எடுத்து நிறுத்தினேன். அவர் படலையைச் சாத்திவிட்டு வந்து ஏறினார். சென்றியில் குனிந்து பார்த்தவனை அவர் பார்க்கவில்லை, நேரே பார்த்துக்கொண்டிருந்தார். கோயிலடியில் இறங்கும்போதுதான் சொன்னார்.

"அவனை வரச்சொல்லி எழுது. பெனியனை எடுத்துக் கழுவிக் கொடியிலை போட்டிட்டன்."

பெர்னடெட்